அன்னக்கிளி யார் வீட்டுக் கிளி?

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் – இயற்பியல்)



கல்லூரி மலரில் திரைப்பாட்டைப் பற்றி எழுதலாமா என்று சிலர் முகஞ்சுளிக்கக் கூடும். இயற்பியல் படிக்கிறவனுக்கு இந்த வேலை எதற்கு என்று கேட்பவரும் உண்டு. நான் எழுதப் புகுவது ஒரு பாட்டின் வரலாறு. அதன் ஒரு முனை சென்னையின் ஒலிப்பதிவுக் கூடத்தில் இருக்கிறது. மறுமுனை நம் வீட்டுத் திண்ணையில் இருக்கிறது. திண்ணையில் இருக்கும் அந்த முனை அறுந்துகொண்டிருக்கிறது என்பதே என் கவலை.

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். அப்பா அருப்புக்கோட்டைப் பக்கம் ஒரு நூற்பு மில்லில் இரவுப் பணி பார்க்கிறார். அம்மா பருவத்தில் மிளகாய்ப் பழம் எடுக்கவும் மற்ற நாளில் கரிமூட்டத்துக்கும் போகிறார். அப்பத்தாவுக்கு எழுபது வயது. கைநாட்டு. ஆனால் எங்கள் ஊர் முளைப்பாரிக்குப் பாட்டெடுத்துக் கொடுப்பவர் அவர்தான். இல்லை, கொடுத்தவர் அவர்தான். இந்த இறந்தகாலத்துக்கு நானும் ஒரு காரணம். அதைப் பின்னால் சொல்கிறேன்.

ஆறு பேருக்கும் ஒரே பாட்டியா?

சென்ற பருவத்தில் எங்கள் தமிழ்ப் பேராசிரியர், “உங்கள் ஊரில் பாடும் நாட்டுப்புறப் பாடல் ஒன்றைக் கேட்டு எழுதி வாருங்கள்” என்றார். வீட்டில் யாரிடமும் கேட்க எங்களுக்கு நேரமில்லை, அல்லது மனமில்லை. கைப்பேசியில் தேடினோம். வந்ததை எழுதினோம். நானும் நண்பர்கள் ஐவரும் கொடுத்த தாள்களை ஐயா வரிசையாக அடுக்கிப் பார்த்தார். “ஏம்ப்பா, உங்க ஆறு பேருக்கும் ஒரே பாட்டியா?” என்று கேட்டார். வகுப்பே கொல்லென்று சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனால் உள்ளே ஒன்று சுருக்கென்று தைத்தது.

முதலாண்டில் எங்கள் ஊர்ப் பங்குனிப் பொங்கலுக்கு வகுப்புத் தோழர்கள் மூவர் வந்திருந்தார்கள். முளைப்பாரிச் சட்டிகளை நடுவில் வைத்து அப்பத்தா கும்மிக்குப் பாட்டெடுத்தார். பல் போன வாய், கரகரத்த குரல். தோழரில் ஒருவன் சிரித்துக்கொண்டே கைப்பேசியில் படம் பிடித்தான். எனக்கு அவமானமாக இருந்தது. அவன் சிரிப்பை நினைத்து அவமானப்பட்டிருக்கலாம். நானோ அப்பத்தாவை நினைத்து அவமானப்பட்டேன். கிட்டே போய், “போதும் அப்பத்தா, வீட்டுக்குப் போ” என்றேன். “சரி அப்பு” என்று ஒரே சொல்லில் நிறுத்திவிட்டார். மறு ஆண்டு அந்த இடத்தில் ஒலிபெருக்கி வைத்துச் சினிமாப் பாட்டுப் போட்டார்கள். அப்பத்தா வாசற்படியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

தம் வீட்டுக் குரலைக் கேட்டு வெட்கப்படும் நோய் எனக்கு மட்டும் வந்ததன்று. ஐம்பது ஆண்டுகளுக்கு முன் தமிழ்நாட்டு மாணவர் பலருக்கும் அது இருந்தது. அதை மாற்றியதில் ஒரு பாட்டுக்குப் பெரும் பங்குண்டு.

மேசையே தாளமாக

1970களின் தொடக்கத்தில் நம் கல்லூரி விடுதிகளில் ஒலித்தவை பெரும்பாலும் இந்திப் பாடல்கள் என்று மூத்தோர் சொல்வார்கள். 1969இல் ‘ஆராதனா’ வந்தது. 1973இல் ‘பாபி’ வந்தது. பொருள் தெரியாவிட்டாலும் அப்பாடல்களை முணுமுணுப்பதே நாகரிகம். நாட்டுப்புற மெட்டு அதற்கு முன்பும் தமிழ்ப் படங்களில் இடம்பெற்றதுண்டு. ஆயினும் படித்த இளைஞன் பெருமையோடு பாடும் பாட்டாக அது கருதப்படவில்லை.

அந்த நேரத்தில் பண்ணைப்புரத்துக்காரர் ஒருவர் சென்னையில் வாய்ப்புத் தேடிக்கொண்டிருந்தார். 1943இல் பிறந்தவர். பெற்றோர் இட்ட பெயர் ஞானதேசிகன், பள்ளியில் ராசையா. தாயார் சின்னத்தாயம்மாள். அண்ணன் பாவலர் வரதராசன், பொதுவுடைமைக் கட்சி மேடைகளில் பாட்டுக் கட்டிப் பாடியவர். 1958இல் கேரளத்துத் தேவிகுளம் இடைத்தேர்தலில் தோட்டத் தொழிலாளரிடையே பாவலரின் பாட்டுக்குப் பெரும் வரவேற்பு. அண்ணனோடு ஊர் ஊராகச் சுற்றிய சிறுவன் ராசையா, மேடையில் பெண் குரலில் பாடுவான். குரல் உடைந்தபின் ஆர்மோனியத்துக்கு மாறினான். வயற்காட்டுப் பாட்டும் தாலாட்டும் ஒப்பாரியும் அவனுக்குப் பாடத்திட்டத்தில் வந்தவையல்ல; காதில் விழுந்துகொண்டே இருந்தவை.

1968இல் அவர் சென்னைக்கு வந்தார். தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை கற்றார். லண்டன் டிரினிட்டிக் கல்லூரியின் கிதார்த் தேர்வில் தங்கப் பதக்கம் பெற்றார். சலில் சௌத்ரிக்குக் கிதார் வாசித்தார். ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தார். மேல்நாட்டு இசைக்குறிப்பை எழுதவும் படிக்கவும் தெரிந்தபின் பண்ணைப்புரத்து மெட்டை மறந்திருந்தால் அவரை யாரும் குறை சொல்லியிருக்கமாட்டார்கள். அவர் மறக்கவில்லை.

கதாசிரியர் ஆர். செல்வராஜ் வழியாகப் பஞ்சு அருணாசலத்தின் அறிமுகம் கிட்டியது. பஞ்சு கவிஞர் கண்ணதாசனின் அண்ணன் மகன், செட்டிநாட்டுச் சிறுகூடல்பட்டிக்காரர். ராசையா தாம் போட்டு வைத்திருந்த மெட்டுகளைக் கையால் மேசையைத் தட்டித் தாளமிட்டுப் பாடிக் காட்டினார். பக்கவாத்தியம் கிடையாது. மேசையும் குரலுமே கச்சேரி. கேட்ட பஞ்சுவுக்கு அந்த மண்ணின் மெட்டுகள் பிடித்துப்போயின. அவற்றுக்கு இடங்கொடுக்கும் ஒரு கிராமத்துக் கதையைப் படமாக்க முடிவு செய்தார். அதுவே ‘அன்னக்கிளி’. ‘பாவலர் பிரதர்ஸ்’ என்ற பெயரைத்தான் முதலில் போட நினைத்தார்கள். பஞ்சுவுக்கு அது பழைய பாணியாகத் தோன்றியது. ‘ராஜா’ என்றால் ஏற்கெனவே ஏ.எம். ராஜா இருக்கிறார். ஆகவே ‘இளையராஜா’ என்று பெயர் சூட்டினார்.

முதல் பாட்டின் ஒலிப்பதிவு தொடங்கும் நேரம் பார்த்து மின்சாரம் நின்றுபோனது. “நல்ல சகுனம்!” என்று ஒருவர் கிண்டல் செய்தாராம். இளையராஜாவே பல மேடைகளில் சொன்ன செய்தி இது. முதல் வாய்ப்பில் விளக்கணைந்தால் யாருக்குத்தான் மனம் ஒடியாது? மின்சாரம் திரும்பியது, பாட்டும் பதிவாயிற்று. தலைப்புப் பாட்டு எஸ். ஜானகியின் குரலிலும் டி.எம். சௌந்தரராஜனின் குரலிலுமாக இருமுறை படத்தில் வருகிறது. பாடல்களை எழுதியவர் பஞ்சு அருணாசலம். இயக்கியவர்கள் தேவராஜ் – மோகன். நடித்தவர்கள் சிவகுமார், சுஜாதா. படம் கறுப்பு வெள்ளை. வெளியான நாள் 1976 மே 14.

பிறகு நடந்தது நாடறியும். தேநீர்க் கடையிலும் திருமண வீட்டிலும் அந்தப் பாட்டே ஒலித்தது. பட்டிக்காட்டு மெட்டு கிதாரோடும் புல்லாங்குழலோடும் கைகோத்து வந்ததைக் கேட்டு நகரத்து மாணவனும் வாய்விட்டுப் பாடினான். தம்பிக்குப் பாட்டும் மேடையும் காட்டிய பாவலர் வரதராசன் மட்டும் அதைக் கேட்க உயிரோடு இல்லை. 2025 மார்ச் 8ஆம் நாள் லண்டன் மாநகரில் அதே இளையராஜாவின் சிம்பொனி அரங்கேறியபோது நாம் எல்லாரும் கைதட்டினோம். கையால் தட்டப்பட்ட அந்த மேசையையும் நினைத்துப் பார்க்க வேண்டாமா?

மரம் அறுக்கும் ஊரிலிருந்து

எங்கள் வகுப்பில் ஒருவன் மதுரையில் வாங்கிய கறுப்புச் சட்டை போட்டு வருவான். நெஞ்சில் நாக்கை நீட்டும் மஞ்சள் முகமும் ‘நிர்வானா’ என்ற எழுத்தும் இருக்கும். அது என்ன என்று அவனைக் கேட்டேன். “சட்டைக் கம்பெனி பேரா இருக்கும் மாப்ள” என்றான். தேடிப் படித்தேன். அது அமெரிக்க இசைக்குழு ஒன்றின் பெயர்.

அக்குழுவைத் தொடங்கிய கர்ட் கோபேன் 1967இல் பிறந்தவர். வாஷிங்டன் மாநிலத்தில் மரத் தொழிலை நம்பியிருந்த அபெர்டீன் என்ற சிற்றூர்ப் பகுதியில் வளர்ந்தவர். அவர்கள் இசைக்கு ‘கிரஞ்ச்’ என்று பெயர் விழுந்தது. அழுக்கு என்ற பொருள் தரும் சொல் அது. 1989இல் வந்த அவர்களின் முதல் இசைத்தட்டு ‘பிளீச்’. அதன் பதிவுக்கு ஆன செலவு 606 டாலர் 17 சென்ட். அதையும் நண்பர் ஒருவர் கொடுத்தார். அத்தட்டில் ‘அபௌட் எ கேர்ள்’ என்று ஒரு பாட்டு. கோபேன் பீட்டில்ஸ் குழுவின் பாடல்களை நாள் முழுக்கக் கேட்டுவிட்டு இயற்றியது என்பார்கள். மற்றவை முரட்டு இரைச்சல். இது மட்டும் மெல்லிய மெட்டு. இரைச்சலை விரும்பும் தம் கூட்டத்தார் இந்த இனிமையைக் கேட்டு என்ன சொல்வார்களோ என்று அவருக்கு அச்சம். ஆனாலும் சேர்த்தார். 1993 நவம்பரில் நியூயார்க்கில் நடந்த புகழ்பெற்ற தொலைக்காட்சிக் கச்சேரியில் முதலில் பாடியது அந்தப் பாட்டைத்தான். அடுத்த ஏப்ரலில் அவர் மறைந்தார். அந்தப் பாட்டு நிற்கிறது.

பண்ணைப்புரம் எங்கே, அபெர்டீன் எங்கே! ஆயினும் இரு பாட்டுக்கும் வரலாறு ஒன்றாகவே இருக்கக் காண்கிறேன். தமக்குப் பிடித்த மெட்டைப் பிறர் சிரிப்புக்கு அஞ்சி ஒளித்து வைக்காதவர்களே புதிதாக ஒன்றை உலகுக்குக் கொடுத்திருக்கிறார்கள். நான் ஒளித்து வைத்தவன். ஆகவேதான் இதை எழுதுகிறேன்.

எதிர்ப்பாட்டு

பேராசிரியர் கேள்வி உறுத்த, விடுமுறையில் வீட்டுக்குப் போனேன். கைப்பேசியை அப்பத்தா முன் வைத்து, “முளைப்பாரிப் பாட்டைப் பாடு அப்பத்தா” என்றேன். அவர் என்னையும் கைப்பேசியையும் மாறி மாறிப் பார்த்தார். பாடத் தொடங்கினார். இரண்டு கண்ணி வந்தது. மூன்றாவது வரவில்லை. திரும்பத் தொடங்கினார், அதே இடத்தில் நின்றது. “மறந்துருச்சா?” என்று கேட்டேன்.

“மறக்கலப்பு. நான் ஒண்ணு சொன்னா அவுக ஒண்ணு சொல்லுவாக. எதிர்ப்பாட்டு இல்லாம எப்பிடி வரும்?” என்றார்.

அப்போதுதான் எனக்கு விளங்கியது. இந்தப் பாட்டு ஒருவர் தலைக்குள் இருக்கும் பொருளன்று. இருவருக்கு நடுவில் இருப்பது. ஒருவர் எடுத்துக் கொடுக்க, மற்றவர் வாங்கிப் பாட, அந்த அடி அடுத்த அடியை இழுத்து வரும். அப்பத்தாவோடு பாடிய நால்வரில் இருவர் இறந்துவிட்டனர். ஒருவர் மகனோடு திருப்பூருக்குப் போய்விட்டார். மிச்சம் இருப்பவர் கீழத்தெருவில் ஒரு பாட்டி. மூட்டுவலியால் வெளியே வருவதில்லை.

இயற்பியல் செய்முறை வகுப்பில் ஒத்ததிர்வு என்று படிக்கிறோம். ஓர் இசைக்கவையைத் தட்டினால், அதே அதிர்வெண் கொண்ட இன்னொன்று யாரும் தட்டாமலே ஒலிக்கும். மறுநாள் மாலை அப்பத்தாவைக் கைப்பிடித்துக் கீழத்தெருவுக்குக் கூட்டிப்போனேன். இருவரும் முதலில் பாடவில்லை; வெற்றிலை போட்டார்கள், செத்துப்போனவர்களைப் பற்றிப் பேசினார்கள். பிறகு அந்தப் பாட்டி தாமாகவே மெல்ல ஓர் அடி எடுத்தார். அப்பத்தா பதில் சொன்னார். நின்றுபோன மூன்றாவது கண்ணி வந்தது, நான்காவது வந்தது, பதினொரு கண்ணி வந்தன. அதற்கு மேல் இருவருக்குமே வரவில்லை. “இன்னும் நெறைய இருந்துச்சு” என்றார்கள். எவ்வளவு என்று அவர்களுக்கும் தெரியவில்லை.

திரும்பும் வழியில் ‘அன்னக்கிளி’ பார்த்தாயா என்று கேட்டேன். புதுப் பெண்ணாக டூரிங் டாக்கீஸ் மணலில் உட்கார்ந்து பார்த்தாராம். “கேக்கையிலயே எங்க பாட்டு மாதிரி இருந்துச்சுப்பு. நம்ம பாட்டப் போயி சினிமாவுல பாடுறாகளேன்னு எங்களுக்கு ஒரே சிரிப்பு” என்றார். அந்தச் சிரிப்பில் பெருமை இருந்தது. முளைப்பாரி முன் நான் பறித்தது அந்தப் பெருமையைத்தான்.

நாம் செய்யத் தக்கது

‘அன்னக்கிளி’யின் மெட்டு இளையராஜாவின் படைப்பு. அதில் ஐயமில்லை. ஆனால் விதை எங்கிருந்து வந்தது? களை வெட்டிய பெண்களும் பருத்தி எடுத்த பெண்களும் தொட்டில் ஆட்டிய பெண்களும் தலைமுறை தலைமுறையாகப் பாதுகாத்த விதை அது. அவர்கள் பெயரைப் போட எந்தப் படத்திலும் இடமில்லை. அவர்களுள் மிஞ்சியிருப்போர் நம் வீடுகளில் இருக்கிறார்கள்.

திருச்சுழிக்காரர்களாகிய நமக்கு எழுத்தின் அருமை தெரிந்திருக்க வேண்டும். சுந்தரர் நம் திருமேனிநாதர் மீது பாடிய பதிகம் ஏழாம் திருமுறையில் இருக்கிறது; பண் நட்டபாடை. ஆயிரம் ஆண்டுக்கு மேலான பாட்டு இன்றும் நமக்குக் கிடைக்கிறதென்றால், யாரோ ஏட்டில் எழுதி வைத்ததனால்தான். செல்லரித்துப் போனவை போக எஞ்சியவையே தேவாரம் என்று வரலாறு சொல்கிறது. குண்டாற்றங்கரையில் அதே காலத்தில் பெண்கள் பாடியிருக்கக் கூடிய தாலாட்டு எங்கே? அதை எழுதி வைப்பார் இல்லை.

பிற்காலத்தில் சிலர் எழுதினார்கள். மு. அருணாசலம் ‘காற்றிலே மிதந்த கவிதை’ தந்தார். பெர்சி மாக்வீன் என்னும் வெள்ளைக்கார ஆட்சியர் தொகுத்து வைத்த பாடல்களைக் கி.வா. ஜகந்நாதன் ‘மலையருவி’யாகப் பதிப்பித்தார். நா. வானமாமலை ‘தமிழர் நாட்டுப்பாடல்கள்’ வெளியிட்டார். கரிசல் வழக்கைக் கி. ராஜநாராயணன் காத்துத் தந்தார். அவர்களிடம் இருந்தவை பேனாவும் கால்நடையும். நம் ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் ஓர் ஒலிப்பதிவுக் கூடமே இருக்கிறது!

“பாட்டு சோறு போடுமா? தேர்வாணையத் தேர்வுக்குப் படியுங்கள்” என்று ஒரு நண்பர் கேட்டார். நியாயமான கேள்வி. நானும் படித்துக்கொண்டுதான் இருக்கிறேன். ஆனால் ஒரு மாலைப்பொழுது பாட்டியோடு உட்கார்ந்தால் எந்த வேலைவாய்ப்பும் கைநழுவிப் போகாது. “இணையத்தில் எல்லாம் இருக்கிறதே” என்றார் இன்னொருவர். இருப்பதைத்தான் நாங்கள் ஆறு பேரும் எழுதிக் கொடுத்தோமே! நம் ஊர்ப் பாட்டு அதில் இல்லை. “பழைய பாட்டுகளில் சாதி ஏச்சும் பெண்ணை இழித்துரைப்பதும் உண்டு” என்றாள் வகுப்புத் தோழி ஒருத்தி. உண்மை. அவற்றையும் பதிந்து வைத்து, தவறு எதுவென்று பேசுவோம். அழிந்துபோன பிறகு குற்றமும் தெரியாது, குணமும் தெரியாது.

களைக்கொல்லி தெளிக்கத் தொடங்கியபின் களை வெட்டும் பாட்டுக்கு வேலையில்லை. கமலை நின்றபின் ஏற்றப்பாட்டுக்கு இடமில்லை. கமலையைத் திரும்பக் கொண்டுவர வேண்டும் என்று நான் சொல்லவில்லை. அந்த உழைப்பின் வலி என் அப்பத்தாவின் முதுகில் இருக்கிறது. வேலை போகட்டும், பாட்டு மட்டுமாவது நிற்கட்டும்.

ஆகவே ஒரு வேண்டுகோள். நம் கல்லூரி மாணவர் ஒவ்வொருவரும் ஆண்டுக்கு ஒரு பாட்டைப் பதிந்து வருவோம். பாடியவர் பெயர், ஊர், எந்த வேலையில் அல்லது எந்தச் சடங்கில் பாடியது, பதிந்த நாள் ஆகியவற்றை அவரது சம்மதத்தோடு குறித்து வைப்போம். நம் நூலகத்தில் ஒரு கணினி இதற்குப் போதும். தமிழ்த் துறையும் கணினித் துறையும் கைகொடுக்க வேண்டும். பாட்டியரைத் தனியே பாடச் சொல்லாதீர்கள். கூடப் பாடியவரைத் தேடிக் கண்டுபிடித்து இருவரையும் சேர்த்து உட்கார வையுங்கள். இது நான் பட்டறிந்த பாடம்.

என் கைப்பேசியில் இருப்பது இருபத்து மூன்று நிமிடப் பதிவு. நாய் குரைப்பதும் பேருந்து போவதும் அதில் கேட்கிறது. வகுப்பில் அதைப் போட்டுக் காட்டினேன். முன்பு சிரித்துப் படம் பிடித்த தோழன் கடைசிவரை கேட்டுவிட்டு, “எங்க அம்மாச்சிக்கும் இப்பிடி ஏதோ தெரியும்டா. கேக்கணும்” என்றான்.

கேள், நண்பா! இந்தச் சனிக்கிழமையே போய்க் கேள். திருப்பூருக்குப் போன அந்தப் பாட்டியின் முகவரியை நானும் விசாரித்துக்கொண்டிருக்கிறேன். பன்னிரண்டாவது கண்ணி அவரிடம் இருக்கலாம்.